மலை எல்லைகளின் வரலாற்றையும் அரசியலையும் செட்டிநாட்டிலிருந்து வாசிப்பது எப்படி?

செட்டிநாட்டு வீடுகளில் பர்மாவைப் பற்றிய பேச்சு வந்தால் அது ரங்கூன், மோல்மேன், பசீன், பெகு என்று ஐராவதிக் கழிமுகத்தையும் கடற்கரையையும் சுற்றியே நிற்கும். அந்தச் சமவெளியை மூன்று பக்கமும் லாட வடிவில் வளைத்து நிற்கும் சின், நாகா, கச்சின், ஷான் மலைகளைப் பற்றி நம் பெரியவர்கள் பேசியது குறைவு. ஜப்பானியப் படையெடுப்பின்போது, 1942-இல், உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு அவற்றைக் கடக்க நேர்ந்தபோதுதான் பல குடும்பங்களின் கதைக்குள் அந்த மலைகள் நுழைகின்றன. ஆயினும் இந்தியா, சீனா, பர்மா ஆகிய மூன்று நாடுகளின் எல்லைச் சிக்கல்கள் அந்த மலைகளில்தான் முடிச்சிட்டிருக்கின்றன. அவற்றைப் படிக்க விரும்பும் மாணவருக்கும், பணி ஓய்வுக்குப் பின் ஏதேனும் ஒன்றை முறையாகக் கற்க நினைப்பவருக்கும், முகப்பு அறைப் பெட்டியில் பர்மாக் காகிதங்களைப் பூட்டி வைத்திருக்கும் வீட்டாருக்கும் பயன்படும்படி ஒரு வாசிப்பு முறையை இங்கே எழுதுகிறேன்.

முதலில் ஒரு கணவாயைத் தேர்ந்துகொள்ளுங்கள்

'இமயமலை எல்லை', 'வடகிழக்கு' என்று பெரிதாகத் தொடங்குபவர்கள் இரண்டு மாதத்தில் கைவிட்டுவிடுகிறார்கள். ஒரு கணவாய், அதன் இரு பக்கத்து ஊர்கள், அவற்றின் வழியே ஓடும் ஆறு ஆகியவற்றை மட்டும் எடுத்துக்கொள்வது நல்லது. மலை நாடுகளில் அரசுகள் மாறும், பெயர்கள் மாறும். ஆறும் கணவாயும் மாறுவதில்லை என்பதால், ஆவணங்களில் வெவ்வேறு பெயரில் வரும் ஒரே இடத்தை அடையாளம் காண அவை உதவும்.

நம் பகுதி வாசகருக்கு நான் பரிந்துரைப்பது மணிப்பூர் எல்லையிலுள்ள மோரேயும் அதற்கு எதிரே பர்மாவிலுள்ள தமுவும்தான். 1962-ஆம் ஆண்டு ராணுவப் புரட்சிக்குப் பின் நெ வின் அரசு வணிகத்தையும் வங்கிகளையும் நாட்டுடைமையாக்கியபோது லட்சக்கணக்கான இந்தியர்கள் பர்மாவிலிருந்து வெளியேறினார்கள். அவர்களுள் சில தமிழர்கள் தாய்நாட்டில் காலூன்ற முடியாமல் தரை வழியே மீண்டும் பர்மாவுக்குள் செல்ல முயன்று, எல்லையில் தடுக்கப்பட்டு, மோரேயிலேயே தங்கிவிட்டார்கள். அங்கே இன்றும் தமிழ்ச் சங்கமும் அங்காள பரமேஸ்வரி கோயிலும் உள்ளன. குக்கி, மெய்தி, நாகா, நேபாளி, தமிழர் என்று பலர் கூடி வாழும் ஒரு சிற்றூரைப் புரிந்துகொள்ள முயன்றாலே எல்லைப்புற அரசியலின் பெரும் பகுதி பிடிபட்டுவிடும். சீன எல்லையில் ஆர்வமுள்ளவர் அருணாசலப் பிரதேசத்திலுள்ள தவாங்கை எடுத்துக்கொள்ளலாம். கீழே அதையும் தொடுகிறேன்.

பணம் எங்கே நின்றது என்று கேளுங்கள்

எல்லை என்றதும் வரைபடத்தில் கோட்டைத் தேடுவது இயல்பான பழக்கம்தான். ஆனால் அதற்கு முன் கேட்க வேண்டியது, ஒரு நாட்டின் சட்டம் எந்த இடத்தில் தன் தன்மையை மாற்றிக்கொள்கிறது என்பதையே. வட்டித் தொழில் செய்த குடும்பங்களின் வழித்தோன்றல்களுக்கு இந்தக் கேள்வி எளிதில் விளங்கும். நிலத்தின்மேல் கடன் கொடுக்க வேண்டுமானால் அந்த நிலம் கைமாறக் கூடியதாக இருக்க வேண்டும். பத்திரம் பதிய அலுவலகம் வேண்டும். கடன் திரும்பாவிட்டால் வழக்குப் போட சிவில் நீதிமன்றம் வேண்டும். கீழ்ப் பர்மாவில் 1876-ஆம் ஆண்டின் நிலவருவாய்ச் சட்டம் குடியானவருக்கு விற்கவும் அடகு வைக்கவும் கூடிய நில உரிமையை அளித்தது. அதன் பின்னரே கழிமுக நெல் வயல்களுக்குள் செட்டிநாட்டுப் பணம் பெருமளவில் பாய்ந்தது.

மலைகளில் நிலைமை வேறு. மேல் பர்மாவை 1886 ஜனவரி 1 அன்று தன் ஆட்சிப் பகுதியாக அறிவித்த ஆங்கில அரசு, ஷான் நாட்டில் சாவ்பா எனப்படும் பரம்பரைத் தலைவர்களுக்குச் சன்னது என்ற உரிமைப் பத்திரம் வழங்கி அவர்கள் வழியாகவே ஆண்டது. கச்சின் மலைகளுக்கு 1895-இலும் சின் மலைகளுக்கு 1896-இலும் தனி ஒழுங்குமுறைச் சட்டங்கள் வந்தன. 1935-ஆம் ஆண்டின் பர்மா அரசுச் சட்டம் 1937 ஏப்ரல் 1 அன்று நடைமுறைக்கு வந்து பர்மாவை இந்தியாவிலிருந்து பிரித்தபோது, இந்த மலைப் பகுதிகள் தேர்ந்தெடுக்கப்பட்ட அமைச்சர்களின் கைக்கு வராமல் ஆளுநரின் தனிப்பொறுப்பில் நிறுத்தப்பட்டன. எனவே ஒரே நாட்டுக்குள் இரண்டு பர்மாக்கள் இருந்தன. ஒன்றில் நிலம் சரக்கு. மற்றொன்றில் நிலம் குலத்துக்கோ தலைவருக்கோ உரியது.

இந்த வேறுபாட்டின் விளைவை எண்களில் காணலாம். கீழ்ப் பர்மாவின் 13 முக்கிய நெல் மாவட்டங்களில் செட்டியார்களின் கைக்கு வந்திருந்த நிலம் 1930-இல் ஏறத்தாழ 6 விழுக்காடாக இருந்து, உலகப் பொருளாதாரப் பெருமந்தத்தில் நெல் விலை வீழ்ந்து கடன்கள் மூழ்கியதால் 1937-இல் ஏறத்தாழ 25 விழுக்காடாக உயர்ந்தது. நிலத்தை விரும்பி வாங்கவில்லை, வராத கடனுக்கு ஈடாகத்தான் எடுத்துக்கொண்டோம் என்று நம் வீடுகளில் சொல்வது பெரும்பாலும் உண்மையே. ஆனால் நிலத்தை இழந்த பர்மியக் குடியானவர் பக்கத்திலிருந்து பார்த்தால் அந்த வேறுபாட்டுக்குப் பொருளில்லை. பிற்காலப் பர்மிய தேசியத்தில் இருந்த கசப்பையும், மலைவாழ் தலைவர்கள் 'சமவெளியில் நடந்தது நம்மிடம் நடக்கக் கூடாது' என்று எச்சரிக்கையாக இருந்ததையும் ஒருசேர வைத்துப் படிக்க வேண்டும்.

இந்தியப் பக்கத்திலும் இதே கேள்வியைக் கேளுங்கள். 1873-ஆம் ஆண்டின் வங்காளக் கிழக்கெல்லை ஒழுங்குமுறைச் சட்டம் 'உள்கோடு' ஒன்றை வகுத்தது. அனுமதிச் சீட்டு இல்லாமல் அதைக் கடக்கக் கூடாது. வெளியார் அதற்கப்பால் அனுமதியின்றி நிலம் வாங்கவும் கூடாது. அது நாட்டின் எல்லைக்கோடு அன்று. அதற்கு அப்பாலும் ஆங்கிலேயரின் உரிமை நீண்டது. தேயிலைத் தோட்டக்காரர்களும் ரப்பர் வணிகர்களும் மலைக்குள் நுழைந்து சண்டையை விலைக்கு வாங்கி வருவதைத் தடுப்பதே அதன் முதல் நோக்கம். காரைக்குடியிலிருந்து அருணாசலப் பிரதேசத்துக்கோ நாகாலாந்துக்கோ மிசோரத்துக்கோ மணிப்பூருக்கோ செல்லும் சுற்றுலாப் பயணி இன்றும் பெற வேண்டியிருக்கும் உள்கோட்டு அனுமதி அந்த 1873-இன் எச்சம்தான். அன்று ஆள்பவரின் வசதிக்காகப் போட்ட வேலியை இன்று அங்குள்ள மக்கள் தங்கள் பாதுகாப்பு என்று பற்றிக்கொள்வதும், மணிப்பூர் தனக்கும் வேண்டும் என்று போராடி 2019-இல் பெற்றதும் தனியே யோசிக்கத்தக்கவை.

ஒவ்வொரு கோட்டுக்கும் மூன்று தேதிகளை எழுதுங்கள்

நோட்டுப் புத்தகத்தில் ஒவ்வோர் எல்லைக்கோட்டுக்கும் மூன்று கட்டங்கள் போடுங்கள். கோடு வரையப்பட்டது எப்போது, யார் யார் அதற்கு ஒப்பினார்கள், அந்தக் கோடு வரை ஓர் அதிகாரி உண்மையில் சென்று வரி வாங்கியோ கொடியேற்றியோ ஆட்சி நடத்தியது எப்போது என்பவை அந்த மூன்று. மலை எல்லைகளில் இவற்றுக்கிடையே பல்லாண்டுகள் இருக்கும். சண்டைகள் பெரும்பாலும் அந்த இடைவெளியில்தான் முளைக்கின்றன.

தவாங்கை எடுத்துக்கொள்வோம். இந்தியாவுக்கும் திபெத்துக்கும் இடையிலான எல்லையாகச் சொல்லப்படும் மக்மோகன் கோடு 1914 மார்ச் 24, 25 தேதிகளில் ஆங்கில, திபெத்தியப் பிரதிநிதிகளுக்கிடையே டெல்லியில் பரிமாறப்பட்ட கடிதங்களின் வழியே உருவானது. அங்குலத்துக்கு எட்டு மைல் என்ற அளவில் இரண்டு தாள்களில் வரையப்பட்டது. அந்த அளவில் தடித்த பேனாக் கோடு ஒன்றே தரையில் கால் மைலை விழுங்கிவிடும் என்பதை நினைவில் வையுங்கள். அதே காலத்தில் ஆங்கில, சீன, திபெத்தியப் பிரதிநிதிகள் கூடிய சிம்லா மாநாட்டின் உடன்படிக்கையைச் சீன அரசு ஏற்கவில்லை. கோடு தவாங்கை இந்தியப் பக்கம் வைத்தது. ஆனால் பதினேழாம் நூற்றாண்டில் நிறுவப்பட்டதும் லாசாவோடு நெருங்கிய தொடர்புடையதுமான தவாங் மடத்தின் அதிகாரமும் திபெத்திய வரி வசூலும் அதன் பின்னும் தொடர்ந்தன. 1938-இல் கேப்டன் லைட்ஃபுட் ஒரு சிறு படையுடன் சென்று வந்தார், ஆட்சி நிலைபெறவில்லை. 1951 பிப்ரவரியில் மேஜர் பாப் காத்திங் அசாம் ரைபிள்ஸ் படையுடன் சென்றபோதுதான் இந்திய நிர்வாகம் அங்கே வேரூன்றியது. அவர் மணிப்பூரைச் சேர்ந்த தாங்குல் நாகர். ஒரு மலையை இந்திய ஆட்சிக்குள் கொண்டுவந்தவர் மற்றொரு மலையின் மகன் என்பதைப் பாடநூல்கள் போதிய அளவு சொல்வதில்லை. ஆக, மூன்று கட்டங்களில் 1914, ஆங்கிலேயரும் திபெத்தியரும் மட்டும், 1951 என்று எழுதுவீர்கள். 1962-இன் இந்திய–சீனப் போரை அதன் பிறகு படித்தால், யார் சொல்வது முழு உண்மை என்ற கேள்வியைவிட எந்தக் கட்டத்தை யார் மறைக்கிறார்கள் என்ற கேள்வியே பயன் தரும்.

பின்தேதியிட்ட ஆவணத்தைக் கண்டுபிடிப்பதில் நம் ஊரின் பழைய கணக்குப்பிள்ளைகளை மிஞ்ச ஆளில்லை. பேரேட்டின் ஏட்டில் மையின் நிறம் மாறினாலோ, நாள்வழிக் குறிப்பில் இல்லாத பற்று பேரேட்டில் வந்தாலோ ஐந்தொகை போடும்போது பிடித்துவிடுவார்கள். அந்தக் கண்ணோடு படிக்க வேண்டிய நிகழ்ச்சி ஒன்று எல்லை வரலாற்றில் உண்டு. ஆங்கில இந்திய அரசின் அதிகாரபூர்வ ஒப்பந்தத் தொகுப்பான எய்ச்சிசன் தொகுதிகளின் 14-ஆம் பாகம் 1929-இல் வெளிவந்தபோது அதில் சிம்லா உடன்படிக்கையின் வாசகம் இல்லை. 1938-இல் அந்த வாசகத்தைச் சேர்த்துப் புதிய பதிப்பொன்றை அச்சிட்டு, தலைப்புத் தாளில் 1929 என்றே ஆண்டைப் போட்டு, நூலகங்களிலிருந்த பழைய படிகளைத் திரும்பப் பெற்றுக்கொண்டார்கள். ஹார்வர்டு நூலகத்தில் தப்பிய பழைய படியோடு ஒப்பிட்டபோது உண்மை வெளிப்பட்டது. இதனால் கோடே செல்லாது என்று முடிவு கட்டுவது அவசரம்; 1914-இன் கடிதங்கள் தம்மளவில் இருக்கின்றன. ஆனால் அரசின் அச்சுப் புத்தகம் என்பதற்காக அதன் தேதியை நம்பிவிடக் கூடாது என்பது உறுதி. லடாக்கை ஒட்டி இந்தியாவும் சீனாவும் உரிமை கோரும் அக்சாய் சின் பற்றிப் படிக்கும்போதும், 1954-க்கு முன் வெளிவந்த இந்திய வரைபடங்களில் அந்தப் பகுதியின் எல்லை வரையறுக்கப்படாதது என்ற குறிப்போடு இருந்ததையும் அதன் பின் உறுதியான கோடாக மாறியதையும், 1957-இல் சீனா தன் சாலையை அப்பகுதி வழியே முடித்ததையும் அடுத்தடுத்து எழுதி வையுங்கள்.

இன்னோர் உத்தி, அதே கோட்டை வேறோர் அண்டை நாட்டோடு வைத்துப் பார்ப்பது. 1960 அக்டோபர் 1 அன்று சீனாவும் பர்மாவும் செய்துகொண்ட எல்லை உடன்படிக்கையில், வடக்குப் பகுதியின் கோடு பெரும்பாலும் மக்மோகன் கோட்டின் போக்கிலேயே ஏற்கப்பட்டது. அந்தப் பெயர் மட்டும் சொல்லப்படவில்லை. அதற்கு ஈடாகப் பீமா, காவ்லும், காங்ஃபாங் என்ற மூன்று கச்சின் ஊர்களின் பகுதி சீனாவுக்குச் சென்றது. ரங்கூனிலும் பீக்கிங்கிலும் அது நல்லுறவின் வெற்றி. கச்சின் மலையில் அது தங்களைக் கேட்காமல் கொடுத்த நிலம். அடுத்த ஆண்டே, 1961 பிப்ரவரியில், கச்சின் விடுதலைப் படை தொடங்கப்பட்டதற்கு பௌத்தத்தை அரசு மதமாக்கும் முயற்சி உள்ளிட்ட வேறு காரணங்களும் உண்டெனினும், இந்த மனக்குறையையும் கணக்கில் சேர்க்க வேண்டும்.

வீட்டுக் காகிதங்களைத் தேதியோடு பொருத்துங்கள்

பெட்டியில் கடிதம் இருந்தால் முதலில் அதன் தலைப்பைப் படியுங்கள். பிள்ளையார் சுழி, சிவமயம், தமிழ் ஆண்டு, மாதம், தேதி, ஊர், பிறகு விலாசம் என்று வரும். புதிதாகப் படிப்பவர் பிள்ளையார் சுழியையே தமிழ் எண் இரண்டு என்று எடுத்துக்கொள்வது உண்டு. தமிழ் ஆண்டுகள் அறுபது ஆண்டுக்கு ஒருமுறை திரும்பி வருவதால், 'விஷு வருஷம் மாசி மாதம்' என்றால் அது 1882-ஆகவும் இருக்கலாம், 1942-ஆகவும் இருக்கலாம். தாளும், தபால் முத்திரையும், உள்ளே வரும் பெயர்களும்தான் முடிவு சொல்லும். 1942-ஆனால் அந்த மாசியில்தான், மார்ச் 8 அன்று, ரங்கூன் ஜப்பானியர் வசம் வீழ்ந்தது. எனவே அந்த மாதத்துக் கடிதத்தில் வட்டிக் கணக்குக்குப் பதிலாக 'பத்திரங்களைக் கொடுத்து அனுப்பியிருக்கிறேன்' என்ற ஒரு வரி வந்தால் அதன் எடை வேறு. சித்திரை பிறந்தால் ஆண்டு சித்திரபானு ஆகிவிடும் என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

நடந்து வந்தவர்களின் கதையைக் கேட்கும்போது கேள்வியைச் சரியாகப் போட வேண்டும். 'எந்தக் கணவாய் வழியே வந்தார்கள்?' என்று அப்பத்தாவிடம் கேட்டால், 'நடந்து வந்தாக, அவ்வளவுதான் தெரியும்' என்பார். 'அய்யா எந்த ஸ்டேஷனில் ரயில் ஏறினாக என்று சொல்லியிருக்காகளா?' என்று கேளுங்கள். திமாப்பூர் அல்லது அன்றைய வழக்கில் மணிப்பூர் ரோடு என்றால் அவர் தமு, பாலேல், இம்பால் வழியே வந்தவர். லேடோ, தின்சுகியா என்று வந்தால் ஹுகாவுங் பள்ளத்தாக்கையும் பாங்சாவ் கணவாயையும் மழைக்காலச் சேற்றில் கடந்தவராக இருக்கக்கூடும். இங்கே சொல்லும் மூன்று வழிகளிலும் கொடியது அதுவே. சிட்டகாங் என்றால் அரக்கான் மலையைத் தாண்டித் தௌங்குப் வந்து, அங்கிருந்து படகேறியவர். நான்கு லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர்கள் இப்படி வந்தார்கள். பல்லாயிரம் பேர் வழியில் மடிந்தார்கள். இவர்களுக்குச் சோறும் வழியும் காட்டிய நாகா, சின், கச்சின் கிராமத்தார் எந்த அரசின் பட்டியலிலும் அதிகம் இல்லை. உங்கள் வீட்டுக் கதையில் 'மலைக்காரர்' என்று போகிற போக்கில் ஒருவர் வந்தால் அந்த வரியை அப்படியே எழுதி வையுங்கள்.

காகிதங்களை லேமினேட் செய்யாதீர்கள். ஒளிப்படம் எடுத்து, எந்தப் பெட்டியில் எதனோடு சேர்ந்து இருந்தது என்பதையும் குறித்தால் போதும். அச்சான நூல்களுக்கு, கோட்டையூரில் ஒருவரின் சேகரிப்பாகத் தொடங்கி இப்போது சென்னையில் இயங்கும் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தையும், எழும்பூரிலுள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகத்தையும் அணுகலாம். டெல்லி தேசிய ஆவணக் காப்பகத்தின் அபிலேக் படல் இணையதளத்தில் வெளியுறவுத் துறையின் பழைய எல்லைக் கோப்புகள் பலவற்றை வீட்டிலிருந்தே படிக்கலாம்.

மலையில் இருப்பவரின் கையொப்பத்தைத் தேடுங்கள்

இதுவரை சொன்ன ஆவணங்களில் பெரும்பாலானவை தலைநகரங்களில் எழுதப்பட்டவை. மலைத் தலைவர்கள் தாமே அமர்ந்து ஒப்பிட்ட தாள்களைத் தனியே தேடிப் படிக்க வேண்டும். அவற்றில் முதன்மையானது 1947 பிப்ரவரி 12 அன்று ஷான் நாட்டின் பாங்லாங்கில் பர்மிய விடுதலைத் தலைவர் ஆங் சானும் ஷான், கச்சின், சின் தலைவர்களும் கையொப்பமிட்ட ஒப்பந்தம். எல்லைப் பகுதிகளுக்கு உள்நிர்வாகத்தில் முழுத் தன்னாட்சி கொள்கையளவில் ஏற்கப்படுகிறது என்று அது சொல்கிறது. அதில் யார் இல்லை என்பதையும் பாருங்கள்: கரென்களும் கரென்னிகளும் கையொப்பமிடவில்லை, வா, நாகா மக்களுக்கு அங்கே இருக்கையே இல்லை. அந்த ஆண்டு ஜூலை 19 அன்று ஆங் சான் கொல்லப்பட்டார். பின்னர் வந்த அரசியல் சட்டம் ஷான், கரென்னி மாநிலங்களுக்குப் பத்தாண்டுக்குப் பின் பிரிந்துபோகும் உரிமையைத் தந்து, கச்சினுக்கு அதை மறுத்தது. பத்தாண்டு முடிந்து நான்காண்டில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தபோது, நாடு சிதறுவதைத் தடுக்கவே வந்தோம் என்றது. பர்மாவின் இன்றைய உள்நாட்டுப் போரைப் பாங்லாங்கைப் படிக்காமல் விளக்குபவர்களின் கட்டுரைகளை நான் பாதியிலேயே மூடிவிடுவேன்.

இன்றைய செய்தியைப் படிக்கும்போது

அறிவிப்பையும் ஆணையையும் பிரித்துப் பாருங்கள். இந்தியா–மியான்மர் எல்லையின் நீளம் 1,643 கி.மீ.; அதன் இருபுறமும் 16 கி.மீ. வரை எல்லைவாழ் மக்கள் விசா இன்றி வந்துபோக அனுமதி இருந்தது. 2024 பிப்ரவரியில் அது ரத்தாகும் என்று உள்துறை அமைச்சர் அறிவித்தார். அதே ஆண்டு டிசம்பரில் நடைமுறைக்கு வந்ததோ 10 கி.மீ. அளவில் சீட்டு வழங்கும் ஏற்பாடு. முதல் செய்தியோடு நிறுத்தியவர் ஒன்றை நம்புவார், மோரேயில் கடை வைத்திருப்பவர் வேறொன்றை நடத்துவார். 2023 மே முதல் மணிப்பூரில் மெய்தி, குக்கி மக்களுக்கிடையே நடந்துவரும் மோதலில் எந்தத் தரப்பின் பத்திரிகை எந்த ஊரின் பெயரை எப்படி எழுதுகிறது என்பதையும் குறித்துக்கொண்டால், ஒரே நிகழ்ச்சியின் இரு பதிவுகளை ஒப்பிட வசதியாக இருக்கும்.

படித்ததை எழுதி வெளியிடும் எண்ணம் இருந்தால் வரைபடத்தில் கவனம் வேண்டும். சர்வே ஆஃப் இந்தியாவின் வரைபடத்துக்கு மாறாக நாட்டின் எல்லையைக் காட்டி வெளியிடுவது 1961-ஆம் ஆண்டின் குற்றவியல் திருத்தச் சட்டப்படி ஆறு மாதம் வரை சிறைத் தண்டனைக்குரியது. பழைய வரைபடமொன்றை ஆய்வுக்காக ஒப்பிட்டு எழுதும்போது அதன் ஆண்டையும் வெளியிட்டவரையும் சொற்களால் விளக்குவதே பாதுகாப்பானது. உங்கள் கட்டுரைக்கு ஆறு, கணவாய், ரயில் நிலையம் ஆகியவற்றை மட்டும் குறித்த கைவரைபடம் போதும்; எல்லைக்கோடு தேவைப்பட்டால் சர்வே ஆஃப் இந்தியாவின் இணையதளத்தில் இலவசமாகக் கிடைக்கும் வரைபடத்தை அப்படியே எடுத்துப் பயன்படுத்துங்கள்.